அடுப்பைத் தேடுங்கள்: தொலைந்த நாகரிகப் படம் பார்க்கும் முறை

அகழாய்வுக் குழியில் படம் வரைவது என் வேலை. ட்ரெஞ்ச் சுவரில் தெரியும் மண்ணடுக்குகளை அளந்து கிராஃப் தாளில் இறக்க வேண்டும். உள்ளங்கையளவு பானையோட்டின் விளிம்பை வைத்துக்கொண்டு, பானை முழுதாய் இருந்தபோது வாய் எவ்வளவு அகலம், வயிறு எவ்வளவு பெருத்தது என்று வரைந்து காட்ட வேண்டும். பதினோரு சீசன் ஆகிவிட்டது. சீசன் நடக்கும் மாதங்களில் சனிக்கிழமை ராத்திரி, நாங்கள் தங்கியிருக்கும் வீட்டு மொட்டைமாடியில் எட்டு முழ வேட்டியைக் கொடிக்கயிற்றில் கட்டிப் படம் போடுவோம். மறுநாள் குழிக்கு லீவு. காட்டுக்குள் மறைந்த நகரம், கடலுக்குள் போன நாடு, வேற்றுக் கிரகத்தில் யாரோ விட்டுப்போன கோட்டை, இந்த வகைதான் எங்கள் ஆட்களுக்குப் பிடிக்கும். வாரமெல்லாம் வெயிலில் நின்று ஓடு மட்டுமே பார்த்தவர்களுக்குத் தங்கக் கோபுரம் பார்க்க ஆசை இருக்காதா?

அப்படி ஒரு ராத்திரி, படத்தில் மேகம் விலகி ஒரு பொன் நகரம் எழுந்து வந்தது. ஆயிரக்கணக்கான படிகள், ஒரே மாதிரி உடுத்திய கூட்டம், கொம்பு வாத்தியம். பானையோடுகளைக் கொட்டிப் பிரிக்கும் பாட்டரி யார்டில் ஓடு கழுவும் அக்கா ஒருத்தர் என் பக்கத்தில் பாயில் உட்கார்ந்திருந்தார். "ஏ தம்பி, இம்புட்டுப் பேருக்கும் எவ பொங்கிப் போடுதா? ஒரு அடுப்பக்கூடக் காங்கலயே" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். எனக்கு மட்டும் அதற்கப்புறம் படத்தில் மனசு ஒட்டவில்லை. படம் முடியும்வரை அடுப்பையே தேடிக்கொண்டிருந்தேன், வரவே இல்லை. கீழே சொல்லப்போகிற முறை அந்தக் கேள்வியிலிருந்து பிறந்ததுதான்.

படத்தை இரண்டு தடவை பாருங்கள். முதல் தடவை நோட்டு வேண்டாம். நாயகனுக்குப் பயப்படுங்கள், பொறியில் சுவர் நெருங்கும்போது பக்கத்தில் இருப்பவர் தொடையைக் கிள்ளுங்கள். அந்த இன்பம் இல்லாமல் ஆராய்ச்சி மட்டும் செய்பவரோடு உட்கார்ந்து படம் பார்ப்பது தண்டனை. இரண்டாம் தடவைக்குத்தான் நோட்டும் பென்சிலும்.

இந்த வகைப் படம் எதிலும் தவறாமல் ஒரு காட்சி வரும். மலைத் திருப்பத்திலோ இலைகளை விலக்கியோ பனி கலைந்தோ நகரம் முழுதாய்க் கண்ணில் படும். அங்கே நிறுத்துங்கள். ஐந்து நிமிஷத்தில் ஒரு கைப்படம் போடுங்கள். அழகாக வர வேண்டியதில்லை, கோடும் கட்டமும் போதும். பிறகு மூன்று இடங்களைக் குறியுங்கள்: தண்ணீர் எங்கிருந்து வருகிறது, சோறு எங்கே விளைகிறது, குப்பை எங்கே போகிறது. மூன்றில் ஒன்றாவது படத்தில் இருந்தால் அந்த இயக்குநர் யோசித்திருக்கிறார். மூன்றுமே இல்லையென்றால் அது நகரமல்ல, பின்னால் தொங்கும் திரைச்சீலை.

குப்பை எதற்கு என்று கேட்பீர்கள். எங்களுக்குச் சோறு போடுவதே குப்பைதான். தங்கத்தை உருக்கி வேறு நகை செய்துவிடுவார்கள், மரம் மக்கிவிடும், துணியைச் செல்லரிக்கும். உடைந்த பானையை மட்டும் யாரும் ஒட்டவைப்பதில்லை, அது மக்குவதும் இல்லை. பதினோரு சீசனில் நான் வரைந்த தங்கம் ஒரே ஒரு துணுக்கு, கட்டைவிரல் நகத்தில் பாதி. ஓடு மூட்டை மூட்டையாக வரைந்திருக்கிறேன்.

இதைச் சோதித்துப் பார்க்க 'ஸ்டார்கேட்' நல்ல படம். 1994இல் வந்தது. எகிப்தியப் பிரமிடுகள் வேற்றுக் கிரகத்தானின் கப்பல் வந்து இறங்கும் மேடை என்பது அதன் கதை. கேட்க நன்றாயிருக்கிறது. ஆனால் கீசாவில் பிரமிடு கட்டிய தொழிலாளர்களின் ஊரையே தோண்டி எடுத்திருக்கிறார்கள். 1991இல் மார்க் லேனரின் குழு அங்கே இரண்டு ரொட்டிச் சூளைக் கூடங்களைக் கண்டது. மணி வடிவத்தில் பெரிய பெரிய மண் அச்சுகள், அதில் மாவை ஊற்றி ரொட்டி சுட்டிருக்கிறார்கள். மாட்டெலும்பு ஏராளம். 2013இல் செங்கடல் கரையில் வாடி அல்-ஜார்ஃப் என்ற இடத்தில் பியர் டாலேயின் குழு எடுத்த பப்பைரஸ் என்ற நாணல்தாள் சுருள்களில், மெரர் என்ற மேற்பார்வையாளர் தூரா குவாரியிலிருந்து கீசாவுக்குப் படகில் சுண்ணாம்புக்கல் ஏற்றிப்போன கணக்கை நாள்வாரியாக எழுதி வைத்திருக்கிறார். நாலாயிரத்து ஐந்நூறு வருஷத்துக்கு முந்தைய மஸ்டர் ரோல்! எங்கள் சூப்பர்வைசர் நோட்டைப் பார்த்தமாதிரி இருந்தது எனக்கு. அக்காவிடம் இதைச் சொன்னபோது, "அப்ப பொங்கிப் போட்டுருக்காவ" என்றார், ஏதோ தன் கட்சி ஜெயித்ததுபோல.

படத்துக்கு நியாயமாக ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். 'ஸ்டார்கேட்'டின் பாலைவன ஊரில் அடுப்பு உண்டு. வந்தவர்களுக்கு விருந்து வைக்கிறார்கள், என்ன ஜந்து என்று தெரியாத கறியை நாயகன் தயங்கித் தயங்கித் தின்கிறான். மொழி விஷயத்திலும் அந்தப் படம் உழைத்திருக்கிறது. பழைய எகிப்திய எழுத்தில் உயிரொலிகளைக் குறிப்பதில்லை. அதனால் படிக்கத் தெரிந்த ஆய்வாளனுக்கு அந்த ஊர்ப் பேச்சு முதலில் காதில் ஏறவில்லை, உயிரொலி எங்கே மாறியிருக்கிறது என்று பிடிபட்டதும் கதவு திறக்கிறது. ஸ்டூவர்ட் டைசன் ஸ்மித் என்ற எகிப்தியலாளரை வைத்து அந்தப் பேச்சை உருவாக்கினார்கள்.

இது அடுத்த பயிற்சிக்குக் கொண்டுபோகிறது: மொழியைக் கவனியுங்கள். பிரிந்து வாழ்ந்த கூட்டத்தின் பேச்சு நின்ற இடத்திலேயே நிற்காது, தன் போக்கில் மாறும். 2001இல் டிஸ்னி எடுத்த அட்லாண்டிஸ் கார்ட்டூனுக்கு மார்க் ஓக்ராண்ட் தனி மொழியே கட்டிக் கொடுத்தார். 'ஸ்டார் டிரெக்' படங்களில் வேற்றுக் கிரகத்தார் பேசும் கிளிங்கான் மொழியைச் செய்த அதே ஆள். எழுத்து ஒரு வரி இடமிருந்து வலம், அடுத்த வரி வலமிருந்து இடம் என்று ஏர் திரும்புவதுபோலப் போகும். நம் பக்கத்து உழவனுக்கு அது உடனே புரியும். எல்லாம் சரி, ஆனால் கதையில் அட்லாண்டிஸ்காரர்களுக்குத் தங்கள் எழுத்தே வாசிக்கத் தெரியாது. கண்ணாடி போட்ட அமெரிக்கப் பையன் வந்து வாசித்துக் காட்ட வேண்டும். நோட்டில் அந்த இடத்தில் ஒரு சிவப்புக் கோடு போட்டிருக்கிறேன்.

கோடு எதற்கென்றால், இந்த வகைக் கதைகளின் பழைய வியாதி அது. நோட்டின் இரண்டாம் பக்கத்தில் ஒரே கேள்வியை எழுதுங்கள்: இந்த ஊர் யாருக்குத் தொலைந்தது?

1911இல் ஹைரம் பிங்காம் என்ற அமெரிக்கர், பெரு நாட்டு மலைமேல் இருக்கும் பழைய இன்கா நகரமான மச்சு பிக்சுவுக்கு ஏறிப் போனபோது அங்கே குடியானவக் குடும்பங்கள் இன்கா காலத்துப் படிவயல்களிலேயே பயிர் செய்துகொண்டிருந்தன. இடிபாடுகளுக்குள் கூட்டிப்போய்க் காட்டியது ஒரு சின்னப் பையன். சுவரில் 1902 என்று வருஷம் போட்டு லிசாராகா என்ற உள்ளூர்க்காரர் கரியால் பெயர்கூட எழுதியிருந்தார். அப்படியும் பிங்காம் பிற்பாடு எழுதிய புத்தகத்தின் தலைப்பில் 'தொலைந்த நகரம்' என்றுதான் வருகிறது. அந்தப் பையனுக்கு அது தொலையவில்லையே, அவன் ஆடு ஓட்டிப்போகிற பாதை!

இதைவிடக் கொடுமை, ஆப்பிரிக்காவின் சிம்பாப்வே நாட்டில் இருக்கும் பழைய கல் நகரமான மகா சிம்பாப்வே. 1871இல் அந்தக் கற்சுவர்களைப் பார்த்த ஜெர்மானியர் கார்ல் மௌக், வாசல் உத்தரத்திலிருந்து ஒரு சிராயைப் பெயர்த்துத் தன் பென்சில் மரத்தோடு ஒப்பிட்டார். ஒரே மாதிரி இருக்கிறது, ஆகவே இது லெபனானிலிருந்து வந்த தேவதாரு, ஆகவே இதைக் கட்டியது பைபிளில் வரும் ஷீபா அரசி என்று முடித்துவிட்டார். பென்சில் பிடித்துப் பிழைக்கிறவன் என்ற முறையில் எனக்கு இதில் தனிப்பட்ட அவமானம் உண்டு. 1905இல் டேவிட் ராண்டல்-மகைவரும் 1929இல் கெர்ட்ரூட் கேட்டன்-தாம்சனும் முறையாகத் தோண்டி, கட்டியவர்கள் ஆப்பிரிக்கர்களே என்று காட்டினார்கள். அந்த நாட்டை அப்போது ரொடீசியா என்ற பெயரில் ஆண்ட வெள்ளை ஆட்சியோ கடைசிவரை அதை ஒப்ப மனமில்லாமலே இருந்தது. 'சாலமன் ராஜாவின் சுரங்கம்' நாவல் இந்தக் காற்றில்தான் 1885இல் வந்தது. அதைத் திரும்பத் திரும்பப் படமாக்கினார்கள், அதன் சாயல் இன்றுவரை எத்தனையோ படங்களில் ஓடுகிறது: காட்டு மக்கள் காவல் காப்பார்கள், கட்டியது மட்டும் வேறு யாரோ.

ஆகவே செய்ய வேண்டியது இது. படத்தில் முதலில் வரும் உள்ளூர்க்காரர் யார், என்ன செய்கிறார், எத்தனையாவது நிமிஷத்தில் சாகிறார் என்று குறித்து வையுங்கள். சுமை தூக்குகிறாரா, விரல் நீட்டுகிறாரா, "அங்கே போகாதீர்கள்" என்று நடுங்குகிறாரா? ஃபிராங்க் காப்ரா 1937இல் எடுத்த 'லாஸ்ட் ஹொரைசன்' படத்தை வைத்து இதைப் பழகலாம். இமயமலையில் ஒளிந்த ஷாங்ரி-லா. அதை நிறுவி இருநூறு வயசு தாண்டியும் ஆண்டுகொண்டிருப்பவர் ஒரு ஐரோப்பியப் பாதிரியார். பள்ளத்தாக்கு மக்கள் கீழே வயலில் வேலை செய்கிறார்கள். அடுப்பும் உண்டு, சாப்பாட்டு மேசையும் உண்டு. சமைத்தவர் பெயர்தான் இல்லை. ஆனால் படம் அழகு, மறுக்க மாட்டேன். வெட்டி வெட்டிச் சுருக்கப்பட்டுப் போன அந்தப் படத்தைப் பிற்காலத்தில் மீட்டபோது ஒலி முழுக்கக் கிடைத்ததாம், சில நிமிஷங்களுக்குப் படச்சுருள் அகப்படவில்லை. அந்த இடங்களில் அசையாத புகைப்படங்களை வைத்து ஒட்டியிருக்கிறார்கள். உடைந்த பானையில் ஓடு கிடைக்காத இடத்தைச் சுண்ணாம்பு வைத்து நிரப்புவோமே, அதே வேலை. அந்தக் காட்சிகள் வரும்போது நான் எழுந்து உட்காருவேன்.

2018இல் வந்த 'பிளாக் பேந்தர்' இந்தப் பழைய கணக்கைத் திருப்பிப் போட்டது. அதில் வரும் வகாண்டா என்ற கற்பனை ஆப்பிரிக்க நாடு யாருக்கும் தொலையவில்லை, தானே ஒளிந்துகொண்டது; வெளியாருக்குத் தன்னை ஏழை ஆடுமேய்ப்பு நாடாகக் காட்டுகிறது. தெருவில் கடை இருக்கிறது, சாப்பாடு இருக்கிறது. கலை இயக்கத்துக்கு ஹன்னா பீச்லர் ஆஸ்கர் வாங்கினார், அந்தப் பிரிவில் அதை வாங்கிய முதல் கறுப்பினக் கலைஞர் அவர். தொழில்காரனாக எனக்கு ஒரு முணுமுணுப்பும் உண்டு. பேசுவது தென்னாப்பிரிக்காவின் கோசா மொழி, எழுத்துக்கு முன்மாதிரி நைஜீரியப் பக்கத்து ன்சிபிடி, போர்வை லெசோத்தோவினுடையது, நாடு இருப்பதோ கிழக்கு ஆப்பிரிக்காவில். மூன்று குழியின் ஓடுகளை ஒரே சாக்கில் கொட்டினால் பாட்டரி யார்டில் அடிதடியே நடக்கும். இருந்தும் மன்னிக்கிறேன். கொட்டியவர்களுக்கு எந்த ஓடு எந்தக் குழியினுடையது என்று தெரியும், ஒவ்வொன்றிலும் சீட்டு கட்டியிருக்கிறது.

சீட்டே இல்லாமல் கொட்டியதற்கு உதாரணம் வேண்டுமென்றால் 2008இல் வந்த படிக மண்டையோட்டு இண்டியானா ஜோன்ஸ். தென்னமெரிக்கக் காட்டில் மத்திய அமெரிக்கச் சாயலில் பிரமிடு. நாயகன் பெருவின் கெச்சுவா மொழியை மெக்சிகோப் புரட்சிக்காரர்களிடம் கற்றேன் என்கிறான். அந்த மண்டையோடுகள்? பிரிட்டிஷ் மியூசியம் 1897இல் வாங்கி வைத்திருக்கும் புகழ்பெற்ற படிக மண்டையோட்டை நுண்ணோக்கியில் பார்த்தபோது, சுழலும் சக்கரம் வைத்துக் கடைந்த தடம் தெரிந்தது. கொலம்பஸுக்கு முந்தைய அமெரிக்காவில் அப்படிப்பட்ட கருவி கிடையாது. பத்தொன்பதாம் நூற்றாண்டுச் சரக்கு.

இனி, எங்கே தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு: 1956இல் வந்த 'ஃபர்பிடன் பிளானட்'. சண்டை குறைவு, பேச்சு அதிகம், பாதியில் எங்கள் பையன்கள் இரண்டு பேர் தூங்கிவிட்டார்கள். பரவாயில்லை. ஆல்டேர் நான்கு என்ற கிரகத்தில் கிரெல் என்ற இனம் வாழ்ந்து, இரண்டு லட்சம் வருஷத்துக்கு முன் ஒரே ராத்திரியில் அழிந்தது. ஒரு கிரெல்லைக்கூடப் படத்தில் காட்ட மாட்டார்கள். சிலை இல்லை, ஓவியம் இல்லை. டாக்டர் மார்பியஸ் ஒரு வாசலைக் காட்டி, நம் வாசலோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள் என்கிறார், அவ்வளவுதான். மேலே குறுகி நடுவில் அகன்ற அந்த வாசலைப் பார்த்து, இதற்குள் நுழையக்கூடிய உடம்பு எப்படியிருக்கும் என்று நாமே வரைந்துகொள்ள வேண்டும். விளிம்பை வைத்துப் பானை வரைகிற என் தொழிலைச் சினிமாவில் அதற்கு முன் நான் பார்த்ததில்லை. இரண்டாம் தடவை பார்க்கையில் அந்த இடத்தில் நிறுத்தி, பார்க்கும் ஒவ்வொருவரையும் ஒரு கிரெல் வரையச் சொல்லுங்கள். எங்கள் மாடியில் நண்டு, தவளை, கவிழ்த்த தாழி என்று ஆறு வகை வந்தன.

பிறகு நிலத்தடி இயந்திரம். நீள அகல உயரம் ஒவ்வொன்றும் இருபது மைல். 7,800 அடுக்குகள், 9,200 அணு உலைகள். மனிதர்கள் அதன் பாலத்தில் எறும்புபோல நடக்கிறார்கள். பின்னணியில் லூயி, பீபி பாரன் தம்பதி மின்சுற்றுகளிலிருந்தே எழுப்பிய ஒலி. முழுக்க மின்னணு இசையோடு வந்த முதல் பெரிய படம் இது. அங்கேயும் அக்காவின் கேள்வியைக் கேட்டுப் பாருங்கள். கிரெல்களுக்கு அடுப்பு ஏன் இல்லை? நினைத்த மாத்திரத்தில் எதையும் உண்டாக்கத்தான் அந்த இயந்திரத்தைக் கட்டினார்கள். கையால் செய்யும் வேலை எதுவுமே மிஞ்சாத நாகரிகம். நினைப்பு எல்லாம் பொருளாகும் என்றால் தூக்கத்தில் வரும் கெட்ட நினைப்பும் பொருளாகுமே. அதுதான் ஒரே ராத்திரியில் அவர்களைத் தின்றது. அடுப்பு இல்லாததே கதையாக இருக்கும் படம் எனக்குத் தெரிந்து இது ஒன்றுதான்.

நம் ஊர்ப் படம் ஒன்றைச் சொல்லாமல் விட்டால் சண்டைக்கு வருவீர்கள். 2010 பொங்கலுக்கு வந்த செல்வராகவனின் 'ஆயிரத்தில் ஒருவன்'. 1279இல் பாண்டியரிடம் தோற்று நாடிழந்த சோழரின் மிச்சம், வியட்நாம் பக்கத் தீவில் ஒளிந்து வாழ்கிறது. மணலில் நடராசர் நிழல் விழும் காட்சிக்கு எங்கள் மாடியில் விசில் பறந்தது. என் பென்சிலுக்குக் குறை உண்டு: எழுநூறு வருஷம் வயலில்லாமல், உப்பில்லாமல், புதுப் பானை சுட மண்ணில்லாமல் ஒரு சனம் எப்படி ஓட்டும்? அவர்கள் பேசும் செந்தமிழும் அத்தனை நாள் மாறாமல் இருந்திருக்காது. ஆனால் பொன் நகரத்தை எதிர்பார்த்துப் போனவர்களுக்கு அங்கே கிடைப்பது என்ன? கறுத்து வற்றிய உடம்புகள், பசி. அடுப்பு அணைந்து போன ஊர் அது. அந்த ராத்திரி அக்கா எதுவும் கேட்கவில்லை. முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு பார்த்தார்.

கடைசிப் பயிற்சி கொஞ்சம் கடினம். இந்தப் படங்களில் முக்கால்வாசி நகரம் இடிந்து விழுவதோடு முடியும். தூண் சரியத் தொடங்கியதும் படத்தை நிறுத்தி, எழுநூறு வருஷம் கழித்து அங்கே குழி வெட்டினால் சுவரில் என்ன தெரியும் என்று வரையுங்கள். அடியில் இயற்கை மண், மேலே குடியிருப்புத் தரை, சாம்பல், இடிந்த செங்கல், அதற்கு மேல் வண்டல். கடல் கொண்ட நாட்டுக் கதை என்றால் சிக்கல், கண்டமே மூழ்கியதற்கு மண்ணடுக்கு காட்ட முடியாது. இங்கே யாராவது குமரிக் கண்டத்தைக் கிளப்புவார்கள். 'பஃறுளி யாற்றுடன் பன்மலை யடுக்கத்துக் குமரிக் கோடும் கொடுங்கடல் கொள்ள' என்பது சிலப்பதிகாரம். கடல் நிலத்தைத் தின்னும் நினைவு அதில் இருக்கிறது. அதோடு சேர்த்துச் சொல்லும் லெமூரியா என்ற பெயர் அங்கிருந்து வந்ததல்ல. மடகாஸ்கரிலும் இந்தியாவிலும் குரங்குக்கு உறவான லெமூர் வகை விலங்குகளின் சுவடு எப்படி வந்தது என்று விளக்க 1864இல் ஃபிலிப் ஸ்க்லேட்டர் என்ற விலங்கியலாளர் வைத்த பெயர். கண்டங்களே நகர்கின்றன என்று தெரிந்தபின் அந்த விளக்கத்துக்குத் தேவை இல்லாமல் போயிற்று. இரண்டையும் ஒரே சாக்கில் போட வேண்டாம் என்று சொல்லிவிட்டு அடுத்த படத்துக்குப் போய்விடுவேன், இல்லாவிட்டால் விடிந்துவிடும்.

இந்தப் பயிற்சியில் 'பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்' ஒரு சொடக்கில் முடியும்: 1968 படத்தின் கடைசிக் காட்சியில் கடற்கரை மணலில் புதைந்து கிடக்கும் அடுக்கு நம்முடையது. நீண்ட நேரம் வரைய வைப்பது மியாசாகியின் 'லாபுடா', 1986. வானில் மிதக்கும் தீவின் அடிப்பாகம் ஆயுதமும் எந்திரமுமாக உதிர்ந்து கடலில் விழுகிறது. மேலே இருந்த மரம் வேரோடு எழும்பிப் போய்விடுகிறது. எழுநூறு வருஷம் கழித்துக் குழி வெட்டுபவனுக்குக் கடலடியில் எந்திரம் மட்டும்தான் கிடைக்கும், லாபுடாக்காரர்கள் சண்டைக்காரர்கள் என்று ரிப்போர்ட் எழுதுவான். தோட்டம் போட்டதற்கு ஒரு சாட்சியும் இராது. என் செக்‌ஷன் வரைபடங்களில் எதெல்லாம் இப்படி மேலே பறந்து போயிருக்கும் என்று அன்றைக்கு ரொம்ப நேரம் யோசித்துக்கொண்டிருந்தேன்.

அந்தப் படத்தில் ஆளில்லாத தோட்டத்தில் பாசி படர்ந்த ரோபோ ஒன்று குருவிக்கூட்டின் மேல் வந்து விழுந்த பறக்கும் வண்டியைத் தூக்கி அப்பால் வைக்கும், சமாதியில் பூ வைக்கும். "ஆளு போயி எத்தன காலமாச்சோ, இது மட்டும் வேலைக்கு வந்துக்கிட்டு இருக்கு பாரு" என்றார் அக்கா. பிறகு பாயைச் சுருட்டி எடுத்துக்கொண்டு, திங்கட்கிழமை கழுவ வேண்டிய சாக்கு எத்தனை என்று கேட்டார். பதினாலு என்றேன்.